செவ்வாய்க்கிழமை எண்ணெய் வாசம்

ஹெல்செமின் குரலிலிருந்து ஆரம்பிக்கிறேன். அதை விட்டுவிட்டு அவளைப் பற்றிப் பேச முடியாது. சீன தேசத்தின் மேற்குக் கோடியில், யார்க்கண்டுக்குத் தெற்கே இருக்கும் எங்கள் ஊர்ச் சந்தில், சேவலுக்கு முன்னால் அவள் குரல் கேட்டுவிடும். ஆட்டைத் திட்டுவாள், அடுப்பைத் திட்டுவாள், வாய்க்காலில் முறை தவறித் தண்ணீரைத் திருப்பிக்கொண்டவனைத் தோப்பு தாண்டியும் கேட்கும்படி திட்டுவாள். மண் சுவருக்கு இந்தப் பக்கம் என் வீடு, அந்தப் பக்கம் அவள் வீடு. அவள் கல்யாணமாகி வந்த புதிதில் எதிர்வீட்டு பாஷாகான் என்னிடம் வந்து முகத்தைச் சுளித்தாள்.

“புதுப் பொண்ணு இப்படியா தொண்டையத் தொறப்பா, தில்லாகான் அம்மா?”

“நீ வயித்தெரிச்சல்ல கத்துற. அவ சந்தோஷத்துல கத்துறா. எனக்கு அவ சத்தமே போதும்,” என்றேன். பாஷாகான் ஒரு வாரம் என்னோடு பேசவில்லை. பிறகு உப்பு தீர்ந்துபோய் வந்தாள்.

ஹெல்செமின் புருஷன் ஹோஷுர், மூன்று சக்கர மோட்டார் வண்டியில் முலாம்பழம் ஏற்றிச் சந்தைக்குப் போகிறவன். பழத்தைத் தட்டிப் பார்க்கிறேன் என்று எந்நேரமும் எதையாவது தட்டிக்கொண்டிருப்பான். வாயில் எப்போதும் சிகரெட். அவர்களுக்குள் சண்டை என்றால் அது ஒன்றுதான்.

“ஊதுறதா இருந்தா கழுதைக்குப் பக்கத்துல போய் ஊதுங்க. வீட்டுல புள்ள இருமுறான்,” என்பாள் இவள்.

“அங்கதானே போறேன். கழுதை உன்ன மாதிரி திருப்பிப் பேசாது,” என்பான் அவன்.

மூத்தவள் மெஹ்ரி பள்ளிக்கூடம் போக ஆரம்பித்திருந்தாள். சின்னவன் எல்ஷாத்துக்கு நெஞ்சில் சளி. ஒரு குளிர்காலம் முழுவதும் இருமினான். ஒருநாள் ஹோஷுர் தானாகவே சிகரெட் பெட்டியை எடுத்து ரொட்டி அடுப்புக்குள் எறிந்தான். அன்று சுட்ட ரொட்டியில் புகையிலை நாற்றம் என்று ஹெல்செம் சந்து முழுக்கச் சொல்லிச் சிரித்தாள். பெருமை தாங்கவில்லை அவளுக்கு. வீடு வீடாகப் போய், “எம்புருஷன் சிகரெட்ட விட்டுட்டாரு” என்று சொன்னாள்.

அதற்காகத்தான் அவனைப் பிடித்துக்கொண்டு போனார்கள்.

படிக்கிறவர்கள் நான் ஏதோ விட்டுவிட்டேன் என்று நினைக்கலாம். ஒன்றையும் விடவில்லை. சிகரெட்டை விட்டதற்காகத்தான். கிராம அலுவலகத்தில் எமெத் என்று ஒருவன். எங்கள் ஊர்ப் பிள்ளை, எங்கள் ஆள், எங்கள் வாய்க்காலில் குளித்து வளர்ந்தவன். அவன் வந்து ஹோஷுரைக் கேட்டபோது நான் சுவருக்கு இந்தப் பக்கம் துணி உலர்த்திக்கொண்டிருந்தேன்.

“குடிக்கிறதும் இல்ல. இப்ப சிகரெட்டும் இல்ல. மார்க்கத்துல ரொம்ப எறங்கிட்டீங்களோ, ஹோஷுர் அண்ணே? மனசுல என்ன வச்சிருக்கீங்க?”

“மனசுல ஒண்ணும் இல்லடா தம்பி. புள்ள நெஞ்சுலதான் சளி இருக்கு.”

“படிச்சுட்டு வாங்க. கொஞ்ச நாள்தான். பள்ளிக்கூடம் மாதிரி.”

வண்டிச் சாவியை ஹெல்செம் கையில் கொடுத்துவிட்டுப் போனான் ஹோஷுர். அதன்பிறகு அவனை எங்கள் சந்து பார்க்கவில்லை.

பள்ளிக்கூடமாம். சுவருக்கு மேல் கம்பிச் சுருள் வைத்த பள்ளிக்கூடம். மூலைக்கு மூலை கோபுரம் கட்டி, அதில் துப்பாக்கி வைத்துக்கொண்டு ஆள் நிற்கிற பள்ளிக்கூடம். என் வயதுக்கு நானும் எழுத்துப் படிக்காதவள்தான். என்னை யாரும் அப்படிப் படிக்கவைக்க நினைக்காததற்கு அல்லாஹ்வுக்கு நன்றி.

திங்கட்கிழமைதோறும் அலுவலக முற்றத்தில் கொடியேற்றுவார்கள். ஊரே போய் நிற்க வேண்டும். கொடி ஏறி முடிந்ததும் ஹெல்செம் நேராகப் போய் எமெத்தின் முன்னால் நிற்பாள்.

“என் புருஷன் எங்க?”

“படிக்கிறாரு அக்கா.”

“என்ன படிக்கிறாரு? ரெண்டாங் கிளாஸ்ல வாத்தியாரே கும்பிட்டு வீட்டுக்கு அனுப்பின மனுஷன் அவரு. இன்னுமா பாஸ் ஆகல?”

சுற்றி நின்ற பெண்கள் கையால் வாயைப் பொத்திக்கொண்டார்கள். சிரிப்பும் பயமும் ஒன்றாக வந்தால் அப்படித்தான் பொத்திக்கொள்ள வேண்டும். எமெத் காதோடு சொன்னான். சொன்னதை அவள் அன்றே சுவரோரம் வந்து என்னிடம் சொன்னாள். “அக்கா, குரலைக் குறைங்க. அப்பா அம்மா ரெண்டு பேரும் படிக்கப் போயிட்டா புள்ளைங்கள அரசாங்க விடுதி எடுத்துக்கும். உங்களுக்கு அது வேணுமா?”

அன்றோடு அவள் குரல் போனது. ஆட்டை அடிக்குரலில் கூப்பிட்டாள். ஆட்டுக்கே அடையாளம் தெரியவில்லை. அவளிடம் மிச்சம் இருந்தது அந்த இரண்டு பிள்ளைகள். அவர்களை வீட்டோடு வைத்துக்கொள்ள வேண்டும். அதற்காக எதை முழுங்கச் சொன்னாலும் முழுங்கினாள். முக்காட்டை எடு என்றார்கள், எடுத்தாள். மாலை வகுப்புக்கு வந்து கட்சிப் பாட்டுப் பாடு என்றார்கள், பாடினாள். கடைசியில், வீட்டுக்கு ஒரு உறவுக்காரி வருவாள், அவளை அத்தை என்று பிள்ளைகள் கூப்பிட வேண்டும் என்றார்கள். அதற்கும் தலையாட்டினாள்.

உறவுக்காரியின் பெயர் லியூ. நகரத்தில் ஏதோ அலுவலகத்தில் வேலை செய்கிற சீனப் பெண். மாதத்தில் சில நாள் பெட்டியோடு வந்து ஹெல்செம் வீட்டிலேயே சாப்பிட்டு, அவள் படுக்கும் அறையிலேயே படுப்பாள். எங்கள் பேச்சு அவளுக்குத் தெரியாது. மெஹ்ரிதான் பள்ளிக்கூடத்தில் கற்றதை வைத்து இரண்டு பக்கமும் சொல்ல வேண்டும். லியூ பிள்ளைகளுக்கு மிட்டாய் கொண்டுவருவாள், எல்ஷாத்துக்கு ஒரு கம்பளிச் சட்டை கூடக் கொண்டுவந்தாள். நான் இல்லை என்று சொல்லவில்லை. மிட்டாய் கொடுத்துவிட்டுப் பிள்ளையிடம் கேட்பாள்: அம்மா குனிந்து தொழுகிறாளா? அப்பாவைப் பற்றி என்ன பேசுகிறாள்? போகும்போது எல்லாரையும் சிரிக்கச் சொல்லிப் படம் எடுப்பாள்.

இப்போது எண்ணெய் விஷயத்துக்கு வருகிறேன்.

எங்கள் பெண்கள் வியாழக்கிழமை பொழுது சாயும்போது எண்ணெய் காய்ச்சுவார்கள். பருத்திக்கொட்டை எண்ணெய் நன்றாகப் புகைய வேண்டும். மாவை மெல்லிசாகத் தட்டி அதில் பொரிக்க வேண்டும். போஷ்கால் என்போம். அந்த வாசம் நம்மை விட்டுப் போனவர்களிடம் போய்ச் சேரும், தங்களை நாம் மறக்கவில்லை என்று அவர்கள் தெரிந்துகொள்வார்கள். பொரித்ததைச் சந்து வீடுகளுக்குக் கொடுத்து, போனவர்களுக்காக துஆ செய்து வேண்டிக்கொள்ளச் சொல்வோம். ஹெல்செமின் போஷ்கால் பிட்டால் அப்பளம் மாதிரி முறியும். அவள் கைக்குச் சூடு உறைக்காது.

வீட்டில் ஒரு மவுத்து, ஒரு சாவு என்றால் கிழமை பார்ப்பதில்லை. அன்றைக்கே எண்ணெய் காயும். அதனால் கிழமை தவறி அந்த வாசம் வந்தால், யாரும் போய் “என்ன ஆச்சு?” என்று கேட்பதில்லை. பறிகொடுத்தவள் தன் வாயால் சொல்லும்படி வைப்பது மரியாதை கெட்ட செயல். ரொட்டியைத் துணியில் சுற்றிக்கொண்டு, தலையில் வெள்ளை கட்டிக்கொண்டு, அழுதபடியே உள்ளே போய்க் கட்டிக்கொள்வோம். பேச்சு அப்புறம்தான்.

இந்த வழக்கத்தையெல்லாம் மதவெறி என்று சொல்லி நிறுத்தியிருந்தார்கள். வியாழக்கிழமை வரும், போகும். எங்கள் சந்தில் ஒரு வாணலியும் புகையாது. எண்ணெய் வாசமே மறந்துபோயிருந்த நேரம்.

அப்போதுதான் ஒரு செவ்வாய்க்கிழமை, பட்டப்பகலில், ஹெல்செம் வீட்டிலிருந்து எண்ணெய் வாசம் சுவர் ஏறி வந்தது.

நான் தேநீர்க் கிண்ணத்தைக் கீழே வைத்தேன். ஹோஷுரின் செய்தி வந்துவிட்டது என்று நினைத்தேன். வேறு என்ன நினைப்பது? வெளியே வந்தால் பாஷாகான் ஏற்கெனவே வாசலில் நிற்கிறாள். வெள்ளை முக்காட்டை அலுவலகத்தில் ஒப்படைத்துவிட்டதால் வெள்ளைத் துவாலையைத் தலையில் கட்டியிருந்தாள்.

“வாசம் வந்துச்சா அம்மா?”

“வந்துச்சு.”

“போகலாமா? பாத்துட்டே இருப்பானுங்க.”

“பாக்கட்டும். பறிகொடுத்தவ வீட்டுக்குப் போகாம உக்காந்திருந்தா நான் மனுஷியா?” என்றேன். சந்துப் பெண்கள் எல்லாரும் சேர்ந்துவிட்டார்கள். எத்தனை நாளைக்கு அப்புறம் ஒன்றாக நடந்தோம்!

உள்ளே நடந்தது வேறு. லியூ அத்தை பிள்ளைகளிடம் உங்களுக்கு எது பிடிக்கும் என்று கேட்டிருக்கிறாள். எல்ஷாத் போஷ்கால் என்று சொல்லியிருக்கிறான். மகிழ்ச்சியான குடும்பம் பலகாரம் செய்கிறது என்று மேலிடத்துக்கு ஒரு வீடியோ அனுப்பினால் நல்ல பெயர் கிடைக்கும். எண்ணெய் வை என்று சொல்லிவிட்டாள். செய்யக் கூடாதது இது என்று ஹெல்செமுக்குத் தெரியும். சொன்னால், ஏன் கூடாது என்று லியூ கேட்பாள். காரணத்தைச் சொன்னால் அதுவும் குற்றம். பிள்ளைகளை நினைத்து வாயை மூடிக்கொண்டு வாணலியை அடுப்பில் வைத்தாள். லியூ எதிரே நின்று செல்போனைப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

நாங்கள் அழுதுகொண்டு உள்ளே நுழைந்தோம்.

“ஐயோ ஹெல்செம், எம்மவளே, உன் தலையில இப்படி இடி எறங்கிச்சே!” என்று பாஷாகான் அவளைக் கட்டிக்கொண்டாள்.

ஹெல்செமின் கையிலிருந்து கரண்டி விழுந்தது. எங்கள் முகத்தைப் பார்த்தாள், துணியில் சுற்றிய ரொட்டிகளைப் பார்த்தாள், பாஷாகானின் தலையில் இருந்த வெள்ளையைப் பார்த்தாள். அவளுக்குத் தெரியாத செய்தி ஊருக்கே தெரிந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டாள். பிறகு அவளுடைய பழைய குரல் வந்தது. அந்தக் குரலை அப்படிக் கேட்டிருக்கவே வேண்டாம். “ஹோஷுர்!” என்று ஒரு சத்தம். வெளியே மரக்கிளையிலிருந்த புறாக்கள் பறந்தன. தரையில் உட்கார்ந்து மாரில் அடித்துக்கொண்டாள். நாங்களும் அடித்துக்கொண்டோம். அடுப்பில் ஒரு போஷ்கால் கருகிக்கொண்டிருந்தது.

கொஞ்சம் மூச்சு வந்ததும் அவள் பாஷாகானின் கையைப் பிடித்தாள். “எப்ப? எங்க அடக்கம் பண்ணாங்களாம்? உங்களுக்கு யாரு சொன்னா?”

பாஷாகான் விழித்தாள். “எங்களுக்கு யாரு சொல்லுவா? நீதானடி எண்ணெய் வச்ச?”

“நீங்கதான அழுதுகிட்டு வந்தீங்க?”

அழுத முகங்கள் அழுதபடியே நின்றன. செத்தானா இருக்கிறானா என்று அந்த வீட்டில் ஒருவருக்கும் தெரியாது. தெரியாத ஒருத்தனுக்கு ஊரே கூடி ஒப்பாரி வைத்திருக்கிறோம். ஹெல்செம் சிரிக்க ஆரம்பித்தாள். வயிற்றைப் பிடித்துக்கொண்டு, கண்ணீர் ஓடிக்கொண்டே சிரித்தாள். சின்னவன் எல்ஷாத் எல்லாரையும் பார்த்துவிட்டு அவனும் சிரித்தான்.

லியூ செல்போனை இறக்காமலே மெஹ்ரியிடம் ஏதோ கேட்டாள். மெஹ்ரி சின்னக் குரலில் சொன்னாள்: “அம்மா, யாரு செத்துட்டாங்கன்னு அத்தை கேக்குறாங்க.”

ஹெல்செம் சிரிப்பை நிறுத்தினாள். எழுந்தாள்.

“அத நான் அவங்ககிட்டக் கேக்கறேன்னு சொல்லு. கூட்டிட்டுப் போனது அவங்க. எங்க வச்சிருக்கீங்க? உசுரோட இருக்காரா? மண்ணுக்குள்ள இருக்காரா? நான் எண்ணெய் வைக்கணுமா, வேணாமா? சொல்லச் சொல்லு! இவ்வளவு பெரிய சர்க்காருக்கு இந்த ஒரு பதில் சொல்ல வாய் இல்லையா?”

சந்து முழுக்கக் கேட்டது. அவள் முன்பு இருந்தாளே, அந்த ஹெல்செம். மெஹ்ரி பாதியைச் சொன்னாள், பாதியில் அழுதுவிட்டாள். லியூ செல்போனை இறக்கினாள். எடுத்ததை யாருக்கும் காட்ட மாட்டேன் என்று சைகையால் சொன்னாள், ஹெல்செமின் தோளைக்கூடத் தொட்டாள். பிறகு மேலிடத்துக்குக் காட்டினாள். காட்டாவிட்டால் அவளுக்குத் தண்டனை வரும் என்று இப்போது நான் இருக்கும் ஊரில் ஒருத்தி என்னிடம் அவளுக்காகப் பரிந்து பேசினாள். அவள் அழுதிருக்கட்டும், தூக்கம் கெட்டிருக்கட்டும். எனக்கு அவள் மேல் இரக்கம் வரவில்லை. வரவழைத்துக்கொள்ளவும் மாட்டேன்.

நாங்கள் போனது தப்பு என்றும் சிலர் சொல்கிறார்கள். அந்த வாசத்துக்கு எங்கள் ஊரில் ஒரே அர்த்தம்தான். ஒரு மனுஷனைக் கொண்டுபோய்விட்டு, இருக்கிறான் என்றும் சொல்லாமல் இல்லை என்றும் சொல்லாமல் வைத்திருக்கிறானே, தப்பு அவனுடையது. எங்கள் மூக்கின் மேல் பழி போடாதீர்கள்.

மறுநாள் அலுவலகத்தில் ஹெல்செமைக் கூப்பிட்டார்கள். சட்டவிரோதக் கூட்டமாம். வருத்தம் தெரிவித்து ஒரு வீடியோ கொடுத்தால் பிள்ளைகள் வீட்டிலேயே இருக்கலாம் என்றார்கள். என் கணவர் நன்றாகப் படிக்கிறார், நாங்கள் மகிழ்ச்சியாக இருக்கிறோம், அரசாங்கத்துக்கு நன்றி: இதைச் சொல்ல வேண்டும். சொன்னாள். முகம் சரியில்லை என்று திரும்பச் சொல்லச் சொன்னார்கள். சிரித்துச் சொன்னாள். பல் தெரியவில்லை என்றார்கள். பல் தெரியச் சொன்னாள்.

எல்லாம் முடிந்து, அவர்கள் சரி என்று தலையாட்டும் நேரத்தில், அவள் வாய் நிற்கவில்லை. அன்று பொழுது சாயும்போது சுவரோரம் வந்து நின்று அவளே என்னிடம் சொன்னாள்.

“எல்லாம் சொல்லி முடிச்சிட்டேன், தில்லாகான் அம்மா. அப்புறம் ஒரு நெனப்பு. இந்த வீடியோவ அவருக்குக் காட்டுவாங்களோன்னு. அந்தச் செல்போனப் பாத்து, ‘ஹோஷுர், சிகரெட் புடிக்கணும்னா புடிச்சுக்கங்க, நான் ஒண்ணும் சொல்லல, வீட்டுக்கு வாங்க’ன்னுட்டேன்.”

“அடி பாவி. அதையும் எடுத்தாங்களா?”

“எடுத்தாங்க. ஒருத்தன் செல்போன அமத்திட்டு இன்னொருத்தனப் பாத்தான்.” மண் சுவரைச் சுரண்டினாள். “புள்ளைங்களுக்காக எல்லாத்தையும் சொல்லிட்டேன் அம்மா. அந்த ஒரு வார்த்தை மட்டும் எனக்காக வந்துருச்சு. எனக்கு ஏதாவது ஆச்சுன்னா புள்ளைங்கள விட்டுராதீங்க.”

“இந்தக் கெழவி உசுரோட இருக்கறவரைக்கும் விடமாட்டேன்,” என்றேன்.

காலையில் வண்டி வந்தது. அவளுக்கு மனப்போக்கு சரியில்லையாம், அவளும் படிக்க வேண்டுமாம். அவள் சத்தம் போடவில்லை. சத்தம் போட்டால் பிள்ளைகள் பயப்படும் என்று, எல்ஷாத்தின் சட்டைப் பொத்தானைச் சரியாகப் போட்டுவிட்டு, மெஹ்ரியின் சடையை இழுத்துப் பார்த்துவிட்டு ஏறினாள். நான் இரண்டு பேரையும் என் பாவாடையோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டு என் வீட்டு வாசலில் நின்றேன். பின்னாலேயே இன்னொரு வண்டி. அதிலிருந்து எமெத் இறங்கினான்.

“புள்ளைங்கள விடுங்க அம்மா.”

“விடமாட்டேன். நான் வளக்கறேன்.”

“நீங்க சொந்தம் இல்ல. சட்டப்படி சொந்தம் இருக்கணும்.”

“நான் சொந்தம் இல்ல. அந்த லியூ சொந்தமா? நீங்கதானடா அவள அத்தைன்னு கொண்டாந்து வச்சீங்க? இந்தப் புள்ளைங்கள அத்தைன்னு கூப்பிட வச்சீங்களே! அப்ப அத்தைகிட்டயே குடு. அவ வீட்டுக்குக் கூட்டிட்டுப் போகட்டும். சோறு போடட்டும். ஏன், சொந்தம் படம் எடுக்கற வரைக்கும்தானா?”

எமெத் தரையைப் பார்த்தான். அவனுக்கும் வீட்டில் பிள்ளைகள் இருக்கிறார்கள். அவன் பிறந்தபோது தொப்புள்கொடி அறுத்தவள் நான். “அம்மா, என்னைய விட்ருங்க” என்று மட்டும் சொன்னான். அவனோடு வந்தவர்கள் என் விரலை ஒவ்வொன்றாகப் பிரித்தார்கள். இந்தச் சுண்டுவிரல் இன்னும் நேராக நிற்பதில்லை. எல்ஷாத் மோட்டார் வண்டியைப் பார்த்ததும் அப்பாவிடம் போகிறோமா என்று கேட்டான். மெஹ்ரி கேட்கவில்லை. தம்பியின் கையைப் பிடித்துக்கொண்டு, இனிமேல் அவள்தான் அம்மா என்பதுபோல ஏறினாள்.

அந்த விடுதி வாசலில் அன்பு என்று பெரிதாக எழுதியிருக்கிறதாம். எழுத்துத் தெரிந்தவர்கள் சொன்னார்கள். ரொட்டி எடுத்துக்கொண்டு பலமுறை போனேன். ஒருமுறை கம்பி வேலிக்கு அப்பால் பிள்ளைகள் வரிசையாகப் போனார்கள். மெஹ்ரியின் சடையை வெட்டியிருந்தார்கள். கூப்பிட்டேன். திரும்பிப் பார்த்தாள், பக்கத்தில் நின்ற டீச்சரைப் பார்த்தாள், மறுபடி நேராக நடந்தாள். அவளைக் குறை சொல்ல மாட்டேன். அவள் தாயிடம் கற்றது அது: தம்பியை வைத்துக்கொள்ள வாயை மூடிக்கொள்ள வேண்டும்.

நான் அங்கிருந்து எல்லை தாண்டி அல்மாட்டிக்கு, என் மகள் வீட்டுக்கு, எப்படி வந்தேன் என்பதைச் சொல்ல மாட்டேன். உதவி செய்தவர்கள் இன்னும் அங்கேதான் இருக்கிறார்கள். இங்கே எங்கள் பெண்கள் நிறைய. வியாழக்கிழமை ஆனால் தெருவெல்லாம் எண்ணெய் வாசம், யாரும் தடுப்பதில்லை. என் மகளும் மாவு பிசைவாள். என் அம்மாவுக்கு, என் புருஷனுக்கு, சின்ன வயதில் போன என் மகனுக்கு, பெயர் சொல்லிப் பொரிப்பேன்.

போன வாரம் ஒருத்தி கேட்டாள்: “அந்த ஹெல்செமுக்கும் அவ புருஷனுக்கும் ஒண்ணு போடக்கூடாதா அம்மா? இத்தன வருஷமாச்சே. ஒருவேள அவங்க பசியோட காத்திருந்தா?”

வாணலியை அடுப்பிலிருந்து இறக்கிவிட்டேன்.

“யாரு சொன்னா அவங்க செத்துட்டாங்கன்னு? உனக்குச் செய்தி வந்துச்சா? கொண்டுபோனவன் வந்து சொல்லட்டும். எந்த நாள், எந்த மண்ணுன்னு என் மூஞ்சியப் பாத்துச் சொல்லட்டும். அவன் சொல்லாம முழுங்கிட்டிருக்கறத நான் எண்ணெய் காய்ச்சி முடிச்சு வைக்கணுமா? ஒருக்காலும் முடியாது.”

மாவு ஊறிக்கொண்டிருந்தது. ஹெல்செமுக்கு என் போஷ்கால் பிடிக்காது. தடிமனாக இருக்கிறது, செருப்புத் தைக்கலாம் என்பாள். வந்து அவளே தட்டட்டும். வீடு தெரியாவிட்டால் தெருமுனையில் நின்று கத்தட்டும், எனக்குக் கேட்கும்.